நாலு மாத மூப்பு

பீர்பூர்,
12 ஜூலை 1997

தம்பி நிசிகாந்துக்கு,

ஆசீர்வாதம். இன்று காலைத் தபாலில் பணிமூப்புப் பட்டியல் வந்தது. முப்பத்து நாலு வருடமாகத் ‘தற்காலிகம்’ என்று தலைப்புப் போட்டு ஓட்டியது, இப்போது ‘இறுதி’யாகிவிட்டது. பதினேழாவது, நிசிகாந்த் லால் தாஸ். பதினெட்டாவது, உமாகாந்த் லால் தாஸ். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி படித்தேன். எழுத்து மாறவில்லை.

ஹெட்கிளார்க் சிரித்துக்கொண்டே வந்து நின்றான். “பெரிய தாஸ் பாபு, இனிமே உங்களைச் சின்ன தாஸ் பாபுன்னுதான் கூப்பிடணுமா? ஃபைல்ல எப்படி எழுதறது, சொல்லிடுங்க” என்றான். ஆபீஸே சிரித்தது. கோசி ஆறு கரையை அரிக்கத் தொடங்கியிருக்கிற நேரம். மணல் மூட்டை போடும் ஆட்கள் முன்னால் இந்த முகத்தோடு போய் நிற்க வேண்டியிருக்கிறது.

கேட்டால் விதி என்கிறார்கள். ஒரே நாளில் வேலையில் சேர்ந்தவர்களில் வயதில் மூத்தவன் மேலேயாம், இளையவன் கீழேயாம். நல்ல விதிதான். நான் உனக்கு நாலு வயது மூத்தவன். ஆனால் சர்டிபிகேட்டில் நீ 1941 செப்டம்பர் 5, நான் 1942 ஜனவரி 2! காலா-ஆஜார் காய்ச்சலில் ஐந்து வயதில் படுத்தவன் எட்டு வயதில் எழுந்தேன். உன்னோடு ஒரே வகுப்பில் சேர்க்கும்போது அப்பா சொன்னார்: “இவனுக்கு ஒரு நாலு வயசு குறைச்சுப் போடுங்க மாஸ்டர். பின்னாடி நாலு வருஷம் கூடுதலா சர்க்கார் சோறு திங்கட்டும்.” ஊரில் எல்லா அப்பன்களும் செய்ததுதான். மற்றவர்கள் தம்பியின் தேதியைப் பார்த்துவிட்டு அண்ணனுக்குக் குறைத்தார்கள். நம் அப்பா பார்க்கவில்லை. ஒரே அம்மா நாலு மாத இடைவெளியில் ரெண்டு பிள்ளை பெற்றுவிட்டாள். இத்தனை வருடம் ஹோலிக்கு ஹோலி இதைச் சொல்லித்தானே நம்மைக் கேலி செய்தார்கள்? கேலி இப்போது அரசாணையாகிவிட்டது.

எஸ்.இ., அதாவது கண்காணிப்புப் பொறியாளர் பதவி, ஒன்றே ஒன்று காலியாகிறது. மேலே இருப்பவனுக்குத்தான் அது. நீ ஆட்சேபம் கொடுத்துத்தான் பட்டியல் மாறியது என்று இங்கே பேசிக்கொள்கிறார்கள். உன் வீட்டில் பேடா கொடுத்ததாகவும் கேள்வி. நெருப்பில்லாமல் புகையாது.

உடனே துறைக்கு எழுது. ‘உமாகாந்த் என் அண்ணன், அவர் பெயர் மேலே இருக்கட்டும்’ என்று ஒரு வரி போதும்.

அண்ணன்,
உமாகாந்த்


பாட்னா,
20 ஜூலை 1997

மதிப்புக்குரிய அண்ணனுக்கு,

பாதம் தொட்டு வணக்கம். உங்கள் கடிதம் வந்து நாலு நாளாகிறது. மூன்று முறை எழுதிக் கிழித்துவிட்டேன்.

நான் ஆட்சேபம் கொடுக்கவில்லை. அம்மா மேல் ஆணை. பழைய பட்டியல் பெயர் அகரவரிசைப்படி இருந்தது. ‘உ’ முன்னால், ‘நி’ பின்னால். யாரோ ஆந்திராப் பக்கத்து வழக்கில் வந்த தீர்ப்பைக் காட்டி, அகரவரிசை செல்லாது என்று துறையில் குறிப்பு எழுதியிருக்கிறார்கள். நான் கேட்கவும் இல்லை, தடுக்கவும் இல்லை. பேடா விஷயம் நிஜம். என் வீட்டுக்காரி சுனயனா நாலு வீட்டுக்குக் கொடுத்துவிட்டாள். நான் ஆபீசிலிருந்து வருவதற்குள் கொடுத்து முடித்திருந்தாள். திட்டினேன். “உங்களுக்குக் கிடைச்சா நான் சந்தோஷப்படக் கூடாதா?” என்று அழுதாள்.

அண்ணா, நீங்கள் கேட்கிற அந்த ஒரு வரியை எழுத எனக்குப் பயமாக இருக்கிறது. நீங்கள் என் அண்ணன் என்று நான் எழுதினால், “அப்படியானால் அவர் எப்போது பிறந்தார்?” என்று கேட்பார்கள். 1937 கார்த்திகை. அந்தக் கணக்கில் உங்களுக்கு ஓய்வு வயதான ஐம்பத்தெட்டு முடிந்து ஒன்றரை வருடம் ஆகிவிட்டது. மூப்பைக் கொடுத்த கையோடு வீட்டுக்கும் அனுப்பிவிடுவார்கள். வாங்கிய சம்பளத்தைத் திருப்பிக் கேட்பார்கள். பென்ஷனிலும் கை வைப்பார்கள். உங்கள் பெண் மினியின் கல்யாணம் இன்னும் ஆகவில்லை.

ஒன்று சொன்னால் கோபிக்க மாட்டீர்களே? நான் 99 செப்டம்பரில் ஓய்வு பெறுகிறேன். அடுத்த இடம் உங்களுடையதுதான். உங்களுக்கு அதன்பின் நாலு மாதம் இருக்கிறது. நீங்களும் எஸ்.இ.யாகவே ஓய்வு பெறலாம்.

தம்பி,
நிசிகாந்த்


பீர்பூர்,
4 ஆகஸ்ட் 1997

நிசிகாந்த்,

நாலு மாதப் பிச்சையா போடுகிறாய்? எச்சில் இலையை மடித்து வைத்திருக்கிறேன், நக்கிக்கொள் என்கிறாய். பிள்ளையையும் கிள்ளிவிட்டுத் தொட்டிலையும் ஆட்டுகிற வேலை உனக்கு எப்போது வந்தது?

உனக்கு முன்னால் நான் சாப்பிட உட்கார்ந்ததில்லையா, உனக்கு முன்னால் எனக்குக் கல்யாணம் நடக்கவில்லையா, அப்பாவுக்குக் கொள்ளி வைத்தது நான் இல்லையா? தலைமகன் என்று மொட்டை அடித்துக்கொண்டு பதின்மூன்று நாள் தரையில் கிடந்தது யார்? இதற்கெல்லாம் எவன் சர்டிபிகேட் கேட்டான்?

கோர்ட்டில் வழக்குப் போட்டுவிட்டேன். வக்கீல் சின்ஹா பாபு கெட்டிக்காரர். “வயசுப் பேச்சையே எடுக்காதீங்க தாஸ் பாபு. முப்பத்து நாலு வருஷம் எல்லாரும் ஒத்துக்கிட்ட வரிசையை இப்ப மாத்தக் கூடாதுன்னு மட்டும் சொல்லுவோம்” என்றார். துறை, செயலர், தலைமைப் பொறியாளர் எல்லோரும் எதிர்மனுதாரர்கள். நாலாவது எதிர்மனுதாரர் நீ. உன் பெயரை எழுதும்போது பேனாவை ரெண்டு தடவை கீழே வைத்தேன். தானாடாவிட்டாலும் தன் சதை ஆடும் என்பார்கள். ஆடியது. ஆனாலும் எழுதினேன்.

அம்மாவுக்கு இது தெரியாது. அவள் ஊரில் இருக்கிறாள். சனிக்கிழமை நான் போகிறபோதெல்லாம், “பௌவாகிட்ட இருந்து லெட்டர் வந்துதா?” என்று கேட்கிறாள். ஐம்பத்தாறு வயது ஆளை அவள் இன்னும் சின்னப் பிள்ளையைக் கூப்பிடுகிற மாதிரி பௌவா என்கிறாள்.

உமாகாந்த்


பாட்னா,
11 டிசம்பர் 1997

அண்ணனுக்கு,

பாதம் தொட்டு வணக்கம். நேற்று கோர்ட்டில் மூன்றாவது பெஞ்சில் நீங்கள். எனக்கு நேர் முன்னால். உங்கள் கம்பளிச் சால்வையில் அண்ணி தைத்த ஒட்டு தெரிந்தது. நீங்கள் திரும்பவில்லை. நானும் கூப்பிடவில்லை.

சின்ஹா பாபு வயதுப் பேச்சை எடுக்கவில்லைதான். ஆனால் சர்க்கார் வக்கீல் எடுத்துவிட்டாரே. “மை லார்ட், மனுதாரரும் நாலாவது எதிர்மனுதாரரும் ஒரே தாய் வயித்துப் பிள்ளைங்க. பிறந்த தேதிக்கு நடுவுல நாலு மாசம். மருத்துவ அதிசயம்!” என்றார். கோர்ட்டே சிரித்தது. பின்னால் யாரோ, ‘நாலு மாசத்துக்கு ஒண்ணு, முயலா?’ என்றார்கள். அவர்கள் நம்மைப் பார்த்துச் சிரிக்கவில்லை அண்ணா, அம்மாவைப் பார்த்துச் சிரித்தார்கள். எனக்குக் காது கொதித்தது. எழுந்து ஒரு அறை விடலாமா என்று இருந்தது. உட்கார்ந்தே இருந்தேன். நீங்களும் உட்கார்ந்தே இருந்தீர்கள்.

நீதிபதி மட்டும் சிரிக்கவில்லை. ரெண்டு தேதியில் ஒன்று பொய், அண்ணன் தம்பி ரெண்டு பேரும் உண்மையைச் சத்தியப் பிரமாணமாக எழுதிக் கொடுங்கள் என்று ஜனவரி வரை தவணை கொடுத்திருக்கிறார். உங்களுக்குத் தெரிந்ததுதான். இருந்தாலும் எழுதுகிறேன், ஏனென்றால் இதன் பொருள் உங்களுக்கு உறைத்ததா என்று தெரியவில்லை. நான் உண்மையை எழுதினால் உங்கள் வேலை அன்றைக்கே போய்விடும்.

அண்ணா, வழக்கை வாபஸ் வாங்குங்கள். காலில் விழுகிறேன். எஸ்.இ. நாற்காலி எனக்கு வந்தால், வருகிற இடமாற்றத்திலேயே பீர்பூருக்கு வந்துவிடுகிறேன். உங்களுக்கு மேலே என்று ஒரு நாளும் நடந்துகொள்ள மாட்டேன்.

தம்பி,
நிசிகாந்த்


ஊர்,
20 டிசம்பர் 1997

நிசிகாந்த்,

வாபஸ் வாங்க மாட்டேன். வாங்கினால் நாளைக்கு எந்தப் பயலும் என்னைச் சின்ன தாஸ் என்பான், நானும் ‘ஆமாம்’ என்று நிற்க வேண்டும்.

என் பிரமாணம் தயாராகிவிட்டது. ‘என் பிறந்த தேதி 1942 ஜனவரி 2. நிசிகாந்த் என் தம்பி.’ அவ்வளவுதான். புரிகிறதா? என் தேதி சரி, உன் தேதி தப்பு. உன்னுடையதிலும் அதையே எழுது. அப்பா உனக்கு வயதைக் கூட்டிப் போட்டுவிட்டார், நீ எனக்குப் பின்னால் பிறந்தவன் என்று சொல். எனக்கு வேலையும் நிலைக்கும், மூப்பும் நிலைக்கும்.

நீ என்ன சொல்வாய் என்று தெரியும். அப்படிச் சொன்னால் வேலையில் சேர்ந்தபோது உனக்கு இருபத்தொன்று நிரம்பவில்லை என்றாகும், நியமனமே செல்லாது என்பாய். முப்பத்து நாலு வருடத்துக்குப் பிறகு எவன் தோண்டுவான்? கொஞ்சம் பயந்துகொண்டுதான் இரேன். நான் ஆறு மாதமாகப் பயந்துகொண்டிருக்கிறேன்.

அம்மாவிடம் சொல்லிவிட்டேன். வேறு வழியில்லை, ஊரில் யாரோ ஊதிவிட்டார்கள். தயிரும் அவலும் பிசைந்துகொண்டிருந்தவள் கையை உதறினாள். “யாரு மூத்தவன்னு கோர்ட்டுக்குத் தெரியலையாமா? பெத்தவ நான் குத்துக்கல்லாட்டம் உக்காந்திருக்கேன். என்னை வந்து கேக்கச் சொல்லு” என்றாள். பிறகு, “முயல்னு சொன்னவன் எவன்?” என்று கேட்டாள்.

நீ அந்த வயிற்றில் பிறந்தவனாக இருந்தால் என்னை அண்ணன் என்று எழுது.

உமாகாந்த்


பாட்னா,
30 ஜனவரி 1998

அண்ணனுக்கு,

பாதம் தொட்டு வணக்கம். இது கைக்கு வருவதற்குள் என் பிரமாணத்தின் நகலைச் சின்ஹா பாபு உங்களிடம் காட்டியிருப்பார். காட்டவில்லை என்றால் இதை முதலில் படித்துவிடுங்கள். என் வாயால் கேட்பது நல்லது.

உண்மையை எழுதினால் நீங்கள் போவீர்கள். நீங்கள் சொன்னபடி எழுதினால் நான் போவேன். என் வக்கீல் எல்லாவற்றையும் கேட்டுவிட்டுச் சாவகாசமாக வெற்றிலை மென்றுகொண்டு சொன்னார்: “நாலு மாசம்தானே பிரச்சினை? ரெண்டு பிள்ளையும் ஒரே வயிறுன்னு யாரு சொன்னா? அப்பா ரெண்டு கல்யாணம் பண்ணியிருந்தா? ரெண்டு தேதியும் நிஜம். யாரு வேலைக்கும் ஆபத்தில்லை.” அந்தக் காலத்தில் நடக்காததா என்றார்.

எழுதிக் கொடுத்துவிட்டேன். நான் மூத்த தாரத்து மகன், நம் அம்மா யோகமாயா தேவிக்குப் பிறந்தவன். நீங்கள் அப்பாவின் இளைய தாரத்து மகன்; அந்த அம்மாள் பிரசவத்திலேயே இறந்துபோனாள். அந்தப் பெண்ணின் பெயரைக் கேட்டார்கள். எனக்கு ஒரு பெயரும் வாயில் வரவில்லை. ‘சியாமா’ என்றேன். வீட்டுக்கு வந்து சாப்பிட உட்கார்ந்த பிறகுதான் ஞாபகம் வந்தது, அது நம் வீட்டுப் பசுவின் பெயர். தட்டை நகர்த்தி வைத்துவிட்டு எழுந்துவிட்டேன்.

அண்ணா, உங்கள் வேலையைக் காப்பாற்றத்தான் இதை எழுதினேன். இப்படி எழுதினால் நாற்காலியும் எனக்குத்தான் வருகிறது. இதில் எதற்காகக் கையெழுத்துப் போட்டேன் என்று நீங்கள் கேட்பீர்கள். நானும் கேட்டுப் பார்த்தேன். எனக்கே தெரியவில்லை. சத்தியமாகத் தெரியவில்லை.

நீங்கள் மறுத்தால் மறுக்கலாம். மறுத்தால் 1937 வெளியே வரும். தயவுசெய்து மறுக்காதீர்கள்.

நிசிகாந்த்


பீர்பூர்,
15 மார்ச் 1998

பெருமதிப்பிற்குரிய அண்ணன் நிசிகாந்த் லால் தாஸ் அவர்களுக்கு,

தங்கள் பாதம் தொட்டு வணங்கி, சியாமாவின் மகன் உமாகாந்த் எழுதிக்கொள்வது.

வழக்குத் தள்ளுபடியாகிவிட்டது. தங்களுக்குப் பதவி உயர்வு ஆணை வந்துவிட்டதாகவும் அறிந்தேன். இந்த முறை பேடா எத்தனை வீட்டுக்கு என்று தெரியவில்லை. தம்பி என்ற முறையில் எனக்கு ஒன்று அனுப்பியிருக்கலாம்.

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பவர்களைப் பார்த்திருக்கிறேன். பெற்ற தாயையே மறைத்த கெட்டிக்காரர் தாங்கள்தான். மூப்பைப் பிடுங்கிக்கொண்டீர்கள், போகட்டும், அது சர்க்கார் கொடுத்தது. அம்மாவையும் சேர்த்துப் பிடுங்கிவிட்டு, எனக்கு மாட்டைக் கொடுத்தீர்கள்.

தாங்கள் ஒருவர் மட்டும் செய்தீர்கள் என்று சொல்ல மாட்டேன். நீதிபதி என் பக்கம் பார்த்து, “மனுதாரர் இதை மறுக்கிறாரா?” என்று கேட்டார். சின்ஹா பாபு என் முழங்கையை அழுத்தினார். ஐம்பத்தெட்டு, பென்ஷன், மினி, எல்லாம் ஒரே நேரத்தில் கண்ணுக்கு முன்னால் வந்தன. நான் வாயைத் திறக்கவில்லை. “மறுக்கவில்லை” என்று அவர்களாகவே எழுதிக்கொண்டார்கள்.

சனிக்கிழமை ஊருக்குப் போனேன். எனக்கு முன்னால் செய்தி போயிருந்தது. அம்மா முற்றத்தில் உட்கார்ந்திருந்தாள். “உங்கப்பன் எனக்கு எவளைடா சக்களத்தியாக் கொண்டுவந்தான்?” என்று கேட்டாள். நான் தங்கள் பிரமாணத்தைப் பற்றிச் சொன்னேன். தங்களைத் திட்டுவாள் என்று பார்த்தேன். “பௌவா எழுதினது இருக்கட்டும். நீ என்ன சொன்னே?” என்றாள்.

நான் நின்றுகொண்டே இருந்தேன். அவள் எழுந்து உள்ளே போய்விட்டாள்.

தங்கள் தம்பி,
உமாகாந்த்


ஊர்,
2 செப்டம்பர் 1998

அண்ணன் அவர்களுக்கு,

நமஸ்காரம். தங்கள் தாயார் ஹோலிக்குப் பிறகு யாரோடும் அதிகம் பேசுவதில்லை. பத்து நாளாகச் சோறும் எடுக்கவில்லை. தயிர் அவலைக் கண்டாலும் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்கள். டாக்டர் கையை விரித்துவிட்டார். உடனே புறப்பட்டு வரவும்.

வருவதற்கு முன் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். அப்பாவுக்கு மூத்தவன், அம்மாவுக்கு இளையவன் என்பது நம் வழக்கம். தங்கள் தாயாருக்குக் கொள்ளி வைக்கும் உரிமை தங்களுடையதாகத்தான் எப்போதும் இருந்தது. முந்தாநாள் சொந்தக்காரர்கள் எல்லோரையும் கூப்பிட்டு வைத்துக்கொண்டு அவர்கள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்: “என் வயித்துல இருந்து எவனைப் பிடுங்கிப் போட்டாங்களோ, அவன் கையாலதான் எனக்கு நெருப்பு. கோர்ட்டுக்கு நான் சொல்ற தீர்ப்பு இதுதான்.”

வழக்கத்துக்கும் இதில் பங்கம் இல்லை. கோர்ட்டுக் கணக்கில் இளையவன் நான்.

உமாகாந்த்


பாட்னா,
9 அக்டோபர் 1998

அண்ணனுக்கு,

பாதம் தொட்டு வணக்கம். பதின்மூன்றாம் நாள் சாப்பாடு முடிந்ததும் சொல்லாமல் கிளம்பி வந்துவிட்டேன். சொல்லியிருந்தாலும் நீங்கள் ‘போய் வாருங்கள்’ என்று சொல்லியிருப்பீர்கள். அந்த ‘வாருங்கள்’ எனக்குத் தாங்காது.

நான் வந்த அன்று அம்மா கண்ணைத் திறந்தாள். என்ன சொல்வாளோ என்று நின்றேன். “பௌவா, சாப்பிட்டியா?” என்றாள். அவ்வளவுதான். அடித்திருந்தால்கூட ஆறியிருக்கும் அண்ணா. இன்னும் அந்தக் குரல்தான் கேட்கிறது. ஆபீசில் ஃபைலைத் திறந்தால் கேட்கிறது.

மாந்தோப்பில் சிதை அடுக்கியதும் புரோகிதர், “தாய்க்கு இளையவர் யாரு?” என்று கேட்டார். எனக்குக் கால் தானாக ஒரு எட்டு முன்னால் போனது. “நான்தான்” என்றீர்கள் நீங்கள். என்னைப் பார்த்துக்கொண்டே சொன்னீர்கள். ஊரே என்னைப் பார்த்தது. போன காலைப் பின்னால் வைத்தேன். மொட்டைத் தலையோடு நீங்கள் சுற்றி வருவதை, வேடிக்கை பார்க்க வந்தவன் மாதிரி மரத்தடியில் நின்று பார்த்தேன். ஒரு விறகு எடுத்துப் போடக்கூட என்னை யாரும் கூப்பிடவில்லை.

இங்கே என் அறைக்கு வெளியே பெரிய பலகை மாட்டியிருக்கிறார்கள். பியூன் எழுந்து நிற்கிறான். சுனயனா அந்தப் பலகையைப் பார்க்கவே ஒரு நாள் வந்தாள். பார்த்துவிட்டு அப்படியே திரும்பிப் போய்விட்டாள். இந்த நாற்காலியை வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிடலாமா என்று நினைக்கிறேன். கொடுத்தால் மட்டும் எது திரும்பி வரும்?

ஒன்றே ஒன்று கேட்கிறேன். என்னைச் சின்னவனாகக் கூப்பிட்டவர்கள் இந்த உலகத்தில் ரெண்டு பேர் இருந்தார்கள். ஒருத்தி போய்விட்டாள். இனி நீங்கள் மட்டும்தான். ‘அண்ணன் அவர்களுக்கு’ என்று இனி எழுதாதீர்கள். திட்டுங்கள், வாடா போடா என்று எழுதுங்கள், ஒரே ஒரு தடவை தம்பி என்று கூப்பிடுங்கள். கூப்பிட ஆளில்லாமல் நான் எப்படிச் சின்னவனாக இருப்பேன்?

நிசிகாந்த்


ஊர்,
8 நவம்பர் 1998

தம்பி நிசிகாந்துக்கு,

ஆசீர்வாதம். உன் கடிதம் வந்தது. பல நாள் பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தேன்.

கூப்பிடுவது பெரிய காரியமில்லை. இதோ, தம்பி என்று எழுதிவிட்டேன். ஆனால் நான் இங்கே தம்பி என்று எழுத, அங்கே கோர்ட்டுப் பெட்டியில் அண்ணன் என்று இருந்தால் அது வெறும் வாய்ச்சொல். நம் வீட்டில் வாய்ச்சொல்லுக்கு மதிப்பில்லை என்று பார்த்துவிட்டுத்தானே அம்மா போய்ச் சேர்ந்தாள். “நீ என்ன சொன்னே?” என்று அவள் கேட்டதற்கு நான் இன்னும் பதில் சொல்லவில்லை. கொள்ளி வைக்கும்போதும் சொல்லவில்லை. உன்னைக் குத்த வேண்டும் என்று “நான்தான்” என்றேன். அங்கேயும் பொய்தான் சொன்னேன், அவள் தலைமாட்டில் நின்றுகொண்டு.

அதனால் நேற்று பதில் சொல்லிவிட்டேன். தலைமைப் பொறியாளருக்கும் கோர்ட்டுக்கும் பதிவுத் தபாலில் போயிருக்கிறது. அதில் எழுதியிருப்பது உனக்கும் தெரிய வேண்டும்:

‘உமாகாந்த் லால் தாஸ் ஆகிய நான் 1937 கார்த்திகையில் யோகமாயா தேவியின் முதல் பிள்ளையாகப் பிறந்தேன். என் தகப்பனாருக்கு வேறு தாரம் இல்லை. சியாமா என்பது எங்கள் வீட்டுப் பசு. 1941ஆம் வருடம் பாதோ மாதத்தில், அதாவது செப்டம்பரில், என் தம்பி நிசிகாந்த் பிறந்த அன்று பகல் முழுவதும் மழை. என்னைத் தொழுவத்தில் அந்தப் பசுவுக்குப் பக்கத்தில் உட்கார வைத்து, கையில் ஒரு கட்டி வெல்லம் கொடுத்திருந்தார்கள். சாயங்காலம் மருத்துவச்சி துணியில் சுற்றி எடுத்து வந்து என்னிடம் காட்டினாள். பாதி வெல்லத்தை அவன் வாயில் வைக்கப் போனேன், அடி விழுந்தது. இதை நான் கண்ணால் பார்த்தேன். நான் மூத்தவன்.’

இனி நடக்கப் போவது உனக்குத் தெரியும். எனக்கு வேலை போகும். மூன்று வருடச் சம்பளம் கேட்பார்கள், பென்ஷன் வருமோ வராதோ. மினிக்குப் பேசி வைத்த இடத்தில் தை மாதம்வரை பார்க்கலாம் என்று இழுக்கிறார்கள். இது தெரிந்தால் இழுக்கவும் மாட்டார்கள். பொய்ப் பிரமாணத்துக்கு உனக்கும் நோட்டீஸ் வரும். வந்தால் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொள், திருப்பி அனுப்பாதே. சுனயனாவிடம் நீயே முதலில் சொல்லிவிடு, அடுத்தவர் வாயால் கேட்கக் கூடாது.

உன்னைக் காட்டிக் கொடுத்தேனா, திரும்ப எடுத்துக்கொண்டேனா என்று என்னைக் கேட்காதே. நீ சொன்ன மாதிரிதான், எனக்கும் தெரியவில்லை.

பனி ஆரம்பித்துவிட்டது. சின்ன வயதிலிருந்தே உனக்கு மார்ச்சளி. கோர்ட்டுக்கு வரும்போது மப்ளர் சுற்றிக்கொண்டு வா, பௌவா.

உன் அண்ணன்,
உமாகாந்த்